பட்டாதாருக்கு நியாய விலை! பாடுபட்டவருக்கும் நஷ்ட ஈடு!

சந்தையில் மாடு விற்கப் போகிறவர் ஒரு விலை சொல்கிறார். வாங்க வந்தவர் ஒரு விலை கேட்கிறார். ஒத்துவராவிட்டால் மாட்டை ஓட்டிக்கொண்டு அவர் வீட்டுக்குத் திரும்பிவிடலாம். சர்க்கார் நிலம் எடுக்கும்போது மட்டும் இந்த நியாயம் செல்லாது. எடுப்பதும் சர்க்கார், விலை வைப்பதும் சர்க்கார். கொடுக்க மாட்டேன் என்று சொன்னாலும் நிலம் போய்விடும். இந்த நிலைமையில் ஒரு சிறு விவசாயி, "என் நிலத்திற்கு நியாயமான நஷ்ட ஈடு கொடு" என்று கேட்டால் அதைப் பேராசை என்று சொல்வதற்கு யாருக்கு வாய் வரும்?

ஆனால் சொல்கிறார்கள். "நாட்டின் வளர்ச்சிக்குக் குறுக்கே நிற்கிறார்கள்" என்று அதிகாரிகள் பேசுகிறார்கள். "லட்சம் லட்சமாக வாங்கிக்கொண்டும் திருப்தி இல்லை" என்று பட்டணத்துப் பெரிய மனிதர்கள் ஏளனம் செய்கிறார்கள். நம்மிலேயே சில தொழிலாளத் தோழர்கள், "நிலம் உள்ளவன் சண்டை அது, காணி நிலம் இல்லாத நமக்கு அதில் என்ன?" என்று கேட்கிறார்கள்.

இந்தக் கடைசிக் கேள்விக்குப் பதில் சொல்வதே இந்தத் தலையங்கத்தின் நோக்கம்.

யாருக்கு நஷ்ட ஈடு?

நஷ்ட ஈடு என்ற சொல்லைக் கேட்டவுடன் உழைப்பாளிக்குச் சந்தேகம் வருவதில் தவறில்லை. 1948-ல் சென்னை மாகாணத்தில் ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது. ஏர் பிடித்தறியாத ஜமீன்தார்களுக்கும் அன்று சர்க்கார் கஜானாவிலிருந்து நஷ்ட ஈடு போயிற்று. தலைமுறை தலைமுறையாகக் குடிகளிடம் வசூலித்துத் தின்றவர்களுக்கு, இனி வசூலிக்க முடியாமல் போனதற்காகப் பணம்! அந்த அனுபவத்தை நமது மக்கள் மறக்கவில்லை.

ஆனால் ஜமீன்தாரும் ஒன்றரை ஏக்கர் விவசாயியும் ஒன்றல்ல. ஜமீன்தார் இழந்தது பிறர் உழைப்பிலிருந்து வந்த வருமானம். சிறு விவசாயி இழப்பது தன் சொந்த உழைப்பின் களத்தை. பட்டாவில் அவர் பெயர் இருக்கிறது என்பது உண்மை. அதே சமயம் கடன் பத்திரத்திலும் கூட்டுறவுச் சங்கப் பேரேட்டிலும் நகைக்கடை ரசீதிலும் அவர் பெயர் இருக்கிறது. தன் நிலத்தில் வேலை முடிந்ததும் அடுத்தவர் நிலத்திற்குக் கூலிக்குப் போகிறவர் அவர். அவருடைய மகன்தான் மில்லில் ஸ்பின்னிங் பகுதியில் உங்கள் பக்கத்தில் நிற்கிறான். மில்லில் கதவடைப்பு வந்தால் அவன் திரும்பிப் போய்ச் சேருகிற இடம் அந்த ஒன்றரை ஏக்கர்தான். அதை அடிமாட்டு விலைக்குப் பறித்துக்கொண்டால் நாளை வேலை கேட்டு மில் வாசலில் நிற்கும் வரிசை இன்னும் நீளும். வரிசை நீண்டால் கூலி குறையும். இதைப் பாட்டாளிக்கு யாரும் பாடம் சொல்லித் தர வேண்டியதில்லை.

மில்லில் முப்பது வருஷம் உழைத்தவருக்குக் கிராஜுவிட்டி கொடுக்கிறார்கள். அது முதலாளி போடும் பிச்சை என்று எந்தத் தொழிலாளியாவது ஒப்புக்கொள்வாரா? அதுபோலவே நிலத்தை இழப்பவருக்குக் கொடுக்கும் நஷ்ட ஈடும் தர்மம் அல்ல. அது உரிமை.

வளையமாதேவி சொல்லும் பாடம்

கடலூர் மாவட்டம் வளையமாதேவியை எல்லோரும் அறிவார்கள். 2023-ஆம் வருஷம் ஜூலை மாதம் 26-ஆம் தேதி, போலீஸ் காவலோடு மண்வெட்டும் இயந்திரங்கள் வயலில் இறங்கின. நெய்வேலி பழுப்பு நிலக்கரி நிர்வாகத்தின் சுரங்க விஸ்தரிப்புக்காகப் பரவனாற்றைத் திருப்பி விடும் வாய்க்கால் வெட்ட வேண்டுமாம். வயலில் பச்சை நெற்பயிர் நின்றுகொண்டிருந்தது. அறுவடை வரை பொறுக்கக்கூட அவர்களுக்கு மனமில்லை. பயிரைப் புரட்டிப் போட்டு வாய்க்கால் வெட்டினார்கள். தமிழ்நாடு முழுவதும் அந்தக் காட்சியைக் கண்டு கொதித்தது.

"அந்த நிலத்தை 2006-க்கும் 2013-க்கும் இடையிலேயே எடுத்து ஏக்கருக்கு 6 லட்சம் ரூபாய் கொடுத்துவிட்டோம்" என்றது நிர்வாகம். எடுத்த நிலத்தைப் பத்து வருஷம் கையில் கொள்ளாமல் விட்டு வைத்தது யார்? விவசாயிகள் அதில் உழுது பயிர் வைப்பதை வருஷா வருஷம் பார்த்துக்கொண்டிருந்தது யார்? இந்தப் பத்து வருஷத்தில் அக்கம் பக்கத்து நிலங்களின் விலை எங்கேயோ ஏறிவிட்டது. பழைய விலையை வாங்கியவர்கள் அதைக் கொண்டு வேறிடத்தில் அதே அளவு நிலம் வாங்க முடியுமா? இந்தக் குமுறல் சேர்ந்து சேர்ந்துதான் அன்று வெடித்தது.

விவகாரம் சென்னை ஹைகோர்ட்டுக்குப் போயிற்று. அழிந்த பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் கொடுக்க உத்தரவாயிற்று. போராடியிராவிட்டால் அதுவும் வந்திராது.

இங்கே ஒரு விஷயத்தை நமது தோழர்கள் கூர்ந்து பார்க்க வேண்டும். அந்த 40,000 ரூபாய் பயிர் வைத்தவருக்கான கணக்கு. அந்தப் பயிரில் களை எடுக்கவிருந்த பெண்களுக்கு? அறுவடைக்குக் காத்திருந்த கூலியாட்களுக்கு? நெல் மூட்டை தூக்கியிருக்கக் கூடியவர்களுக்கு? பயிர் அழிந்தபோது அவர்களுடைய கூலியும் சேர்ந்தே அழிந்தது. அந்த நஷ்டத்தை எழுதி வைக்க யார் கையிலும் ஒரு பேரேடு இல்லை.

விலை எப்படி வைக்கிறார்கள்?

வெள்ளைக்காரன் 1894-ல் செய்த நிலம் எடுப்புச் சட்டம், அவன் போன பிறகும் அறுபத்தாறு வருஷம் நம் தலையில் உட்கார்ந்திருந்தது. சந்தை விலைக்கு மேல் 100-க்கு 15 ரூபாய் ஆறுதல் தொகை என்று அதில் இருந்தது. 1984-ல் அதை 30 ஆக்கினார்கள். கலிங்க நகர், சிங்கூர், நந்திகிராம் என்று நாடெங்கும் விவசாயிகள் போராடி, ரத்தம் சிந்தி, உயிரையும் கொடுத்த பிறகுதான் 2013-ல் புதுச் சட்டம் பிறந்தது. 2014 ஜனவரி 1 முதல் அது அமலுக்கு வந்தது.

புதுச் சட்டத்தின் கணக்கு இது. பத்திரப் பதிவுக்குச் சர்க்கார் வைத்திருக்கும் வழிகாட்டி மதிப்பு ஒருபுறம். அக்கம் பக்கத்தில் கடந்த மூன்று வருஷத்தில் பதிவான கிரயங்களில், விலை அதிகமுள்ள பாதிப் பத்திரங்களின் சராசரி மறுபுறம். இவற்றில் எது அதிகமோ அதுவே சந்தை விலை. கிராமப்புறமானால், பட்டணத்திலிருந்து உள்ள தூரத்தைப் பொறுத்து அதை ஒன்று முதல் இரண்டு வரையிலான எண்ணால் பெருக்க வேண்டும். கிணறு, மரம், வீடு ஆகியவற்றின் மதிப்பைச் சேர்க்க வேண்டும். வரும் தொகைக்குச் சமமாக இன்னொரு பங்கை ஆறுதல் தொகையாகக் கொடுக்க வேண்டும். இது போக, சமூகத் தாக்க ஆய்வு பற்றிய அறிவிப்பு வந்த நாளிலிருந்து சந்தை விலைக்கு வருஷத்திற்கு 100-க்கு 12 வீதம் கூட்டித் தர வேண்டும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஏக்கர் 5 லட்சம் ரூபாய் என்று விலை வைத்தால், பெருக்கல் எண் இரண்டானால் 10 லட்சம். ஆறுதல் தொகை சேர்த்து 20 லட்சம். பெருக்கல் எண் ஒன்றே கால் ஆனால் ஆறேகால் லட்சம்; ஆறுதல் தொகை சேர்த்துப் பன்னிரண்டரை லட்சம்தான். அதே மண்தான், அதே ஏக்கர்தான். ஓர் எண்ணை மாற்றினால் ஏழரை லட்சம் ரூபாய் பறிபோகிறது! ஆகவே அந்த எண் என்ன, அதை எப்படி வைத்தார்கள் என்று ஒவ்வொரு கிராமமும் கேட்க வேண்டும்.

கணக்கின் அடித்தளத்திலும் ஓட்டை இருக்கிறது. முத்திரைத் தாள் செலவைக் குறைக்க, பத்து லட்சத்துக்கு வாங்கிய நிலத்தை மூன்று லட்சம் என்று பதிவு செய்கிற வழக்கம் ஊருக்கு ஊர் உண்டு. வசதி படைத்தவர்கள் வளர்த்த வழக்கம் அது. சர்க்கார் நிலம் எடுக்க வரும்போது அந்தப் பொய்ப் பத்திரமே சிறு விவசாயியின் கழுத்துக்குச் சுருக்காகிறது. இது போதாதென்று 2017 ஜூன் மாதம் தமிழ்நாடு சர்க்கார் வழிகாட்டி மதிப்பை மாநிலம் முழுவதும் 100-க்கு 33 வீதம் குறைத்தது. மனை வியாபாரிகள் மகிழ்ந்தார்கள். 2023 ஏப்ரலில்தான் பழைய மதிப்பு திரும்பியது. இடைப்பட்ட அந்த ஆறு வருஷத்தில், வழிகாட்டி மதிப்பை வைத்து விலை போடப்பட்ட விவசாயிகள் இழந்ததை யார் ஈடு செய்வது?

சட்டத்தில் உங்கள் பெயர் இருக்கிறது

விவசாயத் தொழிலாளத் தோழர்களே! இதுவரை சொன்னது நிலம் உள்ளவர்களின் கணக்கு. இனிச் சொல்லப்போவது உங்கள் கணக்கு.

பாதிக்கப்பட்ட குடும்பம் எது என்று 2013-ஆம் வருஷச் சட்டம் சொல்லும்போது, நிலம் இல்லாதவர்களையும் சேர்த்தே சொல்கிறது. நிலம் எடுப்பதற்கு முந்திய மூன்று வருஷம் அந்த இடத்தில் வேலை செய்து, அதையே முக்கிய ஜீவனமாகக் கொண்டிருந்த விவசாயத் தொழிலாளி, குத்தகைதாரர், வாரத்திற்குப் பயிரிட்டவர், கைவினைஞர் எல்லோரும் பாதிக்கப்பட்டவர்களே. சர்க்கார் திட்டத்தில் ஒப்படை நிலம் பெற்றவர்களும் பாதிக்கப்பட்டவர்களே. திட்டத்தால் வேலை உண்டாகுமானால் குடும்பத்திற்கு ஒரு வேலை. இல்லாவிட்டால் ஒரே தடவையாக 5 லட்சம் ரூபாய். அல்லது இருபது வருஷத்திற்கு மாதம் 2,000 ரூபாய்க்குக் குறையாமல் உதவித் தொகை. குடிபெயர வேண்டி வந்தால் ஒரு வருஷத்திற்கு மாதம் 3,000 ரூபாய் ஜீவனப்படி, சாமான்களைக் கொண்டு போக 50,000 ரூபாய். வீடு இழந்தவர்க்கு வீடு. இவையெல்லாம் சட்டத்தின் இரண்டாவது அட்டவணையில் அச்சாகியிருக்கின்றன.

தொகை போதுமா? போதாது. 5 லட்சத்தை இருபது வருஷத்திற்குப் பங்கிட்டால் மாதம் 2,083 ரூபாய். இந்தக் காலத்தில் ஒரு குடும்பத்திற்கு எண்ணெய்க்கும் பருப்புக்கும் எத்தனை நாள் வரும்? 2013-ல் எழுதிய தொகை அது. விலைவாசி அன்று நின்ற இடத்திலா நிற்கிறது? ஆனாலும், கூலிக்காரருக்கும் நஷ்ட ஈடு உண்டு என்று ஒப்புக்கொண்ட எழுத்து, சிறிய விஷயம் அல்ல. போராடிப் பெற்ற எழுத்து அது.

பிறகு ஏன் கூலிக்காரர் கைக்கு அது வந்து சேருவதில்லை? எண்ணப்பட்டால்தானே கொடுப்பார்கள்! நிலம் உள்ளவர் பெயர் சிட்டாவில் இருக்கிறது. தாசில்தார் மேஜையை விட்டு எழுந்திருக்காமலே அவரைக் கண்டுபிடித்துவிடலாம். நிலமற்றவரைக் கண்டுபிடிக்கச் சேரிக்கு நடந்து வர வேண்டும். அதற்காகத்தான் சட்டத்தில் சமூகத் தாக்க ஆய்வு என்று வைத்தார்கள். யார் யார் பிழைப்பு போகிறது என்று கிராமத்தில் வந்து விசாரித்து, பகிரங்கக் கூட்டம் நடத்தி, மக்கள் சொல்வதைப் பதிவு செய்ய வேண்டும் என்பது விதி.

அந்த வாசலைத்தான் நமது மாநிலத்தில் அடைத்துவிட்டார்கள். தமிழ்நாட்டில் தொழில் திட்டங்களுக்கு நிலம் எடுக்க 1997-ஆம் வருஷச் சட்டமும், சாலைக்கு நிலம் எடுக்க 2001-ஆம் வருஷச் சட்டமும் தனியாக இருக்கின்றன. 2013-ஆம் வருஷச் சட்டத்தில் 105-ஏ என்று ஒரு பிரிவைச் செருகி, இந்தச் சட்டங்களுக்கு விலக்கு வாங்கினார்கள். நஷ்ட ஈட்டுத் தொகை புதுச் சட்டப்படி உண்டு. சமூகத் தாக்க ஆய்வும், தனியார் திட்டத்திற்கு 100-க்கு 80 பேர் சம்மதமும் இல்லை! 2019 ஜூலை 3-ஆம் தேதி சென்னை ஹைகோர்ட் இது செல்லாது என்று தீர்ப்பளித்தது. அதே மாதத்தில் சட்டசபையில் புதிய சட்டம் செய்து பழைய சட்டங்களுக்கு உயிர் கொடுத்தார்கள். 2021 ஜூனில் சுப்ரீம் கோர்ட் அதை ஏற்றுக்கொண்டது. பரந்தூர் விமான நிலையத்திற்கு நிலம் எடுக்கக் கிளம்பியபோதும் 1997-ஆம் வருஷச் சட்டத்தையே கையில் எடுத்தார்கள்.

தொகை உண்டு, ஆனால் ஆய்வு இல்லை என்றால் அதன் பொருள் என்ன? பட்டாதாருக்குப் பணம் கிடைக்கும். அவருடைய வயலில் முதுகு ஒடிய வேலை செய்தவரை எண்ணவே மாட்டார்கள் என்பதுதான் பொருள். பந்தி உண்டு என்று பறை அறிவித்துவிட்டு, இலை போடும் நேரத்தில் கதவைச் சாத்துகிற வித்தை இது.

பிளவுபட்டால் இருவருக்கும் நஷ்டம்

இந்த நிலைமையில் பட்டாதாரையும் கூலிக்காரரையும் மோத விடுவது நிர்வாகத்திற்கு மிகவும் சுலபம். "நீங்கள் கையெழுத்துப் போட்டால் உடனே பணம்" என்று ஒருவரிடம் சொல்வார்கள். "அவர்கள் மறுப்பதால்தான் உங்களுக்கு வேலை வராமல் இருக்கிறது" என்று மற்றவரிடம் சொல்வார்கள். நிலம் கொடுத்த குடும்பங்களிலிருந்து நெய்வேலியில் ஒப்பந்தத் தொழிலாளியாகப் போனவர்கள் எத்தனை வருஷம் நிரந்தரம் கேட்டுப் போராடினார்கள் என்பதை, வேலை வாக்குறுதியை நம்புகிறவர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும்.

சிறு விவசாயிகளுக்கும் நாம் ஒன்று சொல்ல வேண்டும். உங்கள் போராட்டத்தில் முன்வரிசையில் நிற்பவர்களில் பாதிப் பேர் சேரி மக்கள். இயந்திரம் வரும்போது குறுக்கே உட்காருகிறவர்கள் அவர்களே. கலெக்டர் பேச்சு வார்த்தைக்கு அழைக்கும்போது மட்டும் அவர்களை வெளியே நிறுத்திவிட்டு, ஏக்கர் விலையை மட்டும் பேசிவிட்டு வருவது நியாயமா? உங்கள் நிலத்தைக் குத்தகைக்குச் செய்கிறவரின் பெயரை 1969-ஆம் வருஷக் குத்தகைப் பதிவுச் சட்டப்படி பதிய விடாமல் தடுத்துவிட்டு, அவரையே போராட்டத்திற்கு அழைப்பது நியாயமா? அவர்களும் சேர்ந்து கேட்டால்தான் உங்கள் விலையும் உயரும்.

நோட்டீஸ் வந்தால் என்ன செய்வது?

முதலில், எந்தச் சட்டத்தின் கீழ் நோட்டீஸ் வந்திருக்கிறது என்று படிக்கத் தெரிந்தவரை வைத்துப் பாருங்கள். சட்டத்துக்குச் சட்டம் கெடு மாறும். ஆட்சேபணையைக் கெடுவுக்குள் எழுத்தில் கொடுத்து ரசீது வாங்குங்கள்.

2013-ஆம் வருஷச் சட்டமானால், கலெக்டர் அவார்டு சொல்லும்போது நீங்கள் ஆஜராகியிருந்தால், விலை போதாது என்று ஆறு வாரத்திற்குள் மனுக் கொடுக்க வேண்டும். பணம் வாங்கும்போது "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று எழுதாமல் கையெழுத்துப் போடாதீர்கள். அந்த ஒரு வரி இல்லாவிட்டால் அதிகத் தொகை கேட்கும் உரிமை போய்விடும். நஷ்ட ஈட்டை முழுவதும் கொடுத்த பிறகே நிலத்தைச் சுவாதீனம் எடுக்கலாம் என்று அந்தச் சட்டம் சொல்கிறது. இயந்திரத்தோடு வருகிறவர்களிடம் இதைக் கேளுங்கள்.

கூலித் தோழர்கள் நோட்டீஸ் வரும் வரை காத்திருக்க வேண்டாம். ரேஷன் கார்டு, நூறு நாள் வேலை அட்டை ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள். யார் யார், யாருடைய நிலத்தில், எத்தனை வருஷமாக வேலை செய்கிறார்கள் என்று தெருவாரியாகப் பட்டியல் எழுதுங்கள். அதைக் கிராம சபையில் வாசித்துத் தீர்மானமாகப் பதிவு செய்யுங்கள். சர்க்கார் எண்ண மறுத்தால் நம்மை நாமே எண்ணிக்கொள்வோம்!

கோரிக்கைகள்

எந்தச் சட்டத்தின் கீழ் நிலம் எடுத்தாலும் சமூகத் தாக்க ஆய்வை நடத்த வேண்டும். நிலமற்றவர்களின் பட்டியல் முடிவாகாமல் அவார்டு கூறக் கூடாது.

பெருக்கல் எண்ணைக் கிராமப்புறம் முழுவதற்கும் இரண்டாகவே வைக்க வேண்டும்.

நிலமற்ற குடும்பங்களுக்கு 2013-ல் எழுதிய தொகைகளை விலைவாசிக்கு ஏற்ப உயர்த்த வேண்டும்.

பயிர் நிற்கும் நிலத்தில் அறுவடைக்கு முன் இயந்திரம் இறங்கக் கூடாது. இறங்கினால் பயிருக்கு மட்டுமன்றி இழந்த கூலிக்கும் ஈடு தர வேண்டும்.

எடுத்த நிலத்தை வருஷக் கணக்கில் சும்மா போட்டு வைத்தால் அதை உழுதவர்களிடமே திருப்பிக் கொடுக்க வேண்டும்.

இவை நடக்காத காரியங்கள் அல்ல. 2014 டிசம்பர் 31-ஆம் தேதி மத்திய சர்க்கார் ஓர் அவசரச் சட்டம் கொண்டுவந்து, பல வகைத் திட்டங்களுக்குச் சம்மதமும் சமூக ஆய்வும் வேண்டாம் என்று சொல்லப் பார்த்தது. நாடெங்கும் விவசாயிகளும் தொழிலாளர்களும் தெருவில் இறங்கினார்கள். லோக் சபாவில் பெரும்பான்மை வைத்திருந்த சர்க்காரே அதைச் சட்டமாக்க முடியாமல் 2015 ஆகஸ்ட் மாதம் கைவிட்டது. அன்று பட்டாதாரும் கூலிக்காரரும் ஒன்றாக நின்றார்கள்; வெற்றி பெற்றார்கள்.

நிலத்தின் விலையை மண் தீர்மானிப்பதில்லை. அதைக் கழனியாக்கிய கைகளே தீர்மானித்தன. அந்தக் கைகளில் பட்டா வைத்திருக்கும் கையும் உண்டு, வெறுங்கையும் உண்டு. நியாயமான நஷ்ட ஈடு என்றால் இரண்டு கைக்கும் அது வந்து சேர வேண்டும். மில் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் சிறு விவசாயிகளின் பக்கம் நிற்க வேண்டும். அவர்களும் நம்மை அருகில் நிறுத்திக்கொண்டே கலெக்டர் ஆபீஸ் படியேற வேண்டும். ஒன்றாகப் போவோம், ஒன்றாகக் கேட்போம், பெற்றே தீருவோம்!